மறுகா

ஒக்டோபர் 10, 2024
அம்மம்மாக்கு இண்டைக்கும் பேச்சு வரல்ல.

ஒக்டோபர் 12
நான் அம்மம்மா மாதிரி நடிச்ச மீன்காரர் வீடியோ 4 இலட்சம் பார்வை. "சூடைக்கு இந்த விலையெண்டா மறுகா தங்கத்துக்கு என்ன விலை மனே?" வசனம் அவ்வளவுதான். தமிழ்நாட்டிலயும் பாக்கிறாங்களாம், 'மறுகா' விளங்காதாம், 'அப்புறம்' எண்டு மாத்தட்டாம். மச்சான் விடுறானில்ல. அம்மம்மாட வாயில 'அப்புறம்' ஒருநாளும் வந்ததில்ல. 'மறு' எண்டு இழுத்து, வெத்திலைய வலக் கன்னத்துக்குத் தள்ளி, 'கா' எண்டு வெட்டுவா. அந்த அரைச் செக்கனுக்குள்ள மீன்காரர் தராசில இன்னும் ரெண்டு மீன் போட்டிருவார். சிரிப்பே அந்த அரைச் செக்கன்தான். மாத்தமாட்டன்.

ஒக்டோபர் 15
இண்டையில இருந்து யூடியூப் ஷார்ட்ஸ் 3 நிமிசம் வரைக்கும் போடலாம். மச்சானுக்குச் சந்தோசம், எனக்குப் பயம். 60 செக்கன் எண்டதாலதான் ஒவ்வொரு சொல்லையும் நிறுத்துப் போட்டன். விளம்பரக் காசுக்கு 1000 சப்ஸ்கிரைபரும் 90 நாளில 1 கோடி பார்வையும் வேணும். நீட்டினா வந்திருமா?

ஒக்டோபர் 17
போயா, பூரணை லீவு. மட்டக்களப்புக் கல்லடிப் பாலத்தடியில தோணிக்காரர் துடுப்பத் தண்ணிக்குள்ள இறக்கி, மத்தப் பக்கம் காத வைக்கச் சொன்னார். ஏழு வயசில அம்மம்மா கூட்டி வந்தது. "மீன் பாடுது, மூச்சு விடாத." இண்டைக்குக் கேட்டது. வாயத் திறக்காமப் பாடுற மாதிரி. ஃபோன வெளிய எடுக்கல்ல.

ஒக்டோபர் 20
"மறுகா தம்பி நீங்கதானே?" எண்டு கேட்ட நர்ஸ், நான் மறிக்க முதல் வீடியோவ அம்மம்மாட முகத்துக்கு நேர பிடிச்சிட்டா. என்ர தலையில அவட சேல. அவட நடை, அவட குரல். பேச்சில்லாமக் கிடக்கிற மனுசிக்கு முன்னால. அம்மம்மா சுவர்ப் பக்கம் முகத்தத் திருப்பிற்றா.
நடிக்கட்டா எண்டு ஒருநாளும் அவட்டக் கேட்டதில்ல. ஒருநாளும்.

ஒக்டோபர் 21
மழை.

ஒக்டோபர் 23
மச்சான் மூண்டு தரம் கோல் அடிச்சான். எடுக்கல்ல.

ஒக்டோபர் 26
மன்னிப்புக் கேக்கத்தான் போனன். இடக் கையால ஃபோனக் காட்டினா. போட்டன். 'மறு' வந்த உடன கையத் தூக்கினா, நிப்பாட்டினன். என்ர வலக் கன்னத்தில ஒரு தட்டு. தன்ர இடக் கன்னத்தத் தொட்டுக் காட்டினா. எனக்கு விளங்கல்ல. திரும்பவும் ஒரு தட்டு, இந்த முறை நல்லா உறைச்சது.
எதிர இருந்து பாத்துப் பழகினதில பக்கம் மாறிப் போச்சு. இத்தன வீடியோவிலயும் வெத்திலை பிழையான கன்னத்தில.

ஒக்டோபர் 27
வெத்திலை வாங்கி ஈரத்துணியில சுத்தி வச்சிருக்கு. மழை விட்டா எடுக்கலாம்.