மஞ்சக்குப்பம் நாட்குறிப்பு: முந்திய வழக்கு, பிந்திய வழக்கு

ஜூன் 9

பாகூரில் நன்செய், ரெட்டிச்சாவடியில் மனை, நடுவே மாநில எல்லை. இந்தப் பக்கத்தில் குடும்பச் சொத்து இப்படிக் கிடப்பது புதிதல்ல. பாகம் கேட்டு அக்காள் புதுச்சேரியில் வழக்குப் போடுகிறார் என்று வைத்துக்கொள்வோம். சொத்து இரு பக்கமும் இருப்பதால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 17-ஆம் பிரிவுப்படி அங்கே போடலாம். செட்டில்மெண்ட் பத்திரத்தைக் காட்டி, மனை தனக்கே பாத்தியம் என்று தம்பி கடலூரில் போடுகிறார். அந்த ஒரே பத்திரம் செல்லுமா என்பதை இரண்டு நீதிபதிகள் தனித்தனியே விசாரித்தால் இரண்டு விதமாகத் தீர்ப்பு வரலாம்.

அதைத் தடுக்கத்தான் அதே சட்டத்தின் 10-ஆம் பிரிவு. பின்னால் போட்ட வழக்கின் விசாரணை நிற்க வேண்டும். இந்தப் பிரிவு கட்டாயமானது என்று மனோகர் லால் சோப்ரா வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. முந்திய வழக்கு இந்தியாவின் எந்த நீதிமன்றத்தில் இருந்தாலும் சரி, முள்ளோடை எல்லை இதற்குப் பொருட்டல்ல.

ஜூன் 11

எது முந்தியது? இங்கேதான் முதல் சறுக்கல். வழக்கு எண்ணைப் பார்த்து முடிவு கட்டக் கூடாது. பிராது தாக்கலாகி, நீதிமன்றக் கட்டணம் குறைவு என்று திரும்பி, கெடுவுக்குள் குறை தீர்த்து மறுபடி போய், மூன்று மாதம் கழித்துக்கூட நம்பர் ஆகலாம். கணக்கு முதலில் தாக்கல் செய்த நாளுக்குத்தான். இ-கோர்ட்ஸ் தளத்தில் தாக்கல் தேதியும் பதிவுத் தேதியும் தனித்தனியாக இருக்கும். ஒவ்வொரு வழக்குக்கும் தனியாகத் தரும் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணைப் போட்டால் இரண்டும் வரும். அதோடு நிற்காமல் பிராதின் சான்றிட்ட நகல் வாங்கி, அதில் குத்தியிருக்கும் நீதிமன்ற முத்திரைத் தேதியையும் பார்க்க வேண்டும்.

ஜூன் 16

பிந்திய வழக்கை நிறுத்தக் கேட்கும் மனு நிற்பதும் விழுவதும் ஒரு தாளில் இருக்கிறது. நடுவில் கோடு போட்டு, இடப்பக்கம் முந்திய வழக்கு, வலப்பக்கம் பிந்தியது. தரப்பினர், எந்த உரிமையில் வழக்காடுகிறார்கள், சொத்து, கேட்கும் பரிகாரம், இஷ்யூ (நீதிமன்றம் தீர்க்க வேண்டிய கேள்வி) எல்லாம் வரிசையாக.

சொத்து விவரத்தில்தான் அதிகம் தடுக்கும். புதுச்சேரிப் பத்திரத்தில் ஹெக்டேர், ஆர், சென்டியார். கடலூர்ப் பத்திரத்தில் ஏக்கர், சென்ட். 1 ஆர் என்பது ஏறக்குறைய 2.47 சென்ட். ஆக 12 ஆர் என்றால் சுமார் 29.65 சென்ட். ஒரே அலகுக்கு மாற்றி எழுதாவிட்டால், ஒரே மனை இரண்டு சொத்துபோலத் தோன்றி, எதிர்த்தரப்பு அதையே பிடித்துக்கொள்ளும்.

பிறகு ஒரே கேள்வி: முந்திய வழக்கின் இறுதித் தீர்ப்பு பிந்திய வழக்கில் முன்தீர்ப்புத் தடையாக, அதாவது தீர்ந்ததை மறுபடி விசாரிக்க முடியாதபடி, அமையுமா? நிம்ஹான்ஸ் வழக்கில் (2005) உச்ச நீதிமன்றம் வைத்த உரைகல் இது. ஓர் இஷ்யூ மட்டும் பொதுவாக இருந்தால் போதாது. வழக்குப் பொருள் முழுவதும் ஒன்றாக இருக்க வேண்டும். பிந்திய வழக்கில் கேட்கும் பரிகாரத்தைத் தர முந்திய நீதிமன்றத்துக்கு அதிகார வரம்பும் இருக்க வேண்டும். முந்தியது முன்சீப் கோர்ட்டில் இருந்து, பிந்தியதன் மதிப்பு அதன் வரம்பைத் தாண்டினால் மனு தள்ளுபடிதான்.

ஜூன் 18

மனுவைப் போட வேண்டியது பிந்திய வழக்கு நடக்கும் நீதிமன்றத்தில். அபிடவிட்டோடு இரண்டு பிராதுகளின் நகல், முந்திய வழக்கின் எதிர்வழக்குரை (பிராதுக்குப் பிரதிவாதி தரும் பதில்), இஷ்யூ வனைந்திருந்தால் அந்த நகல், இப்போதைய நிலை எல்லாம் சேர வேண்டும். மனு நிலுவையில் இருக்கிறதே என்று எதிர்வழக்குரையைத் தள்ளிப்போடுவது ஆபத்து. 30 நாள் கெடு இதற்காகக் காத்திருக்காது; எக்ஸ்பார்ட்டி (ஒருதலைப்பட்சம்) ஆகிவிட்டால் அதைத் தள்ள இன்னொரு மனு போட வேண்டிவரும்.

ஸ்டே (நிறுத்திவைப்பு) கிடைத்தாலும் நிற்பது விசாரணை மட்டும்தான். இடைக்கால உறுத்துக்கட்டளை (தடை உத்தரவு), ரிசீவர் (சொத்தைப் பார்த்துக்கொள்ள நீதிமன்றம் நியமிப்பவர்) போன்ற மனுக்கள் நடக்கும். கட்சிக்காரருக்கு இதை முதல் நாளே சொல்லிவிட வேண்டும். "ஸ்டே வாங்கியாச்சு" என்று நம்பி மனையில் சுவர் எழுப்பி மாட்டிக்கொள்வது அப்படித்தான்.

ஜூன் 24

பாதிதான் ஒத்துப்போகிறதா? அப்போது 10-ஆம் பிரிவைப் பிடித்து இழுக்காமல் கூட்டு விசாரணை கேட்பதே நல்லது. கடலூர் மாவட்டத்துக்குள்ளேயே இரண்டும் இருந்தால் மாவட்ட நீதிபதியிடம் 24-ஆம் பிரிவில் மாற்றல் மனு. ஒன்று புதுச்சேரி, ஒன்று கடலூர் என்றால் சென்னை உயர் நீதிமன்றம். இரண்டு ஊரும் அதன்கீழ்தான், ஒரே மனு போதும். அக்காள் தம்பி வழக்கில் எங்கள் தேர்வு இதுதான். சாட்சிகள் ஒரு முறை கூண்டேறினால் போதும். வயதான சாட்சிகளை இரண்டு ஊருக்கு அலைக்கழிப்பது கொடுமை.

ஜூலை 2

பத்திரம் போலி என்று போலீஸ் வழக்கும் ஓடினால்? அது உரிமையியல் வழக்கு அல்ல, 10-ஆம் பிரிவு வராது, நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரம் பற்றிய 151-ஆம் பிரிவில் கேட்கலாம். எம்.எஸ்.ஷெரீப் வழக்கில் (1954) குற்ற வழக்குக்கே முன்னுரிமை என்றார்கள், ஆனால் அது மாறாத விதியல்ல என்றும் சொன்னார்கள். உரிமையியல் வழக்கு முடியும் தறுவாயில் இருந்தால் அதை நிறுத்தத் தேவையில்லை.

ஜூலை 7

சொல்தா (பிரெஞ்சுப் படையில் இருந்தவர்கள்) குடும்பங்களுக்கு: பிரான்சிலோ ரீயூனியனிலோ வழக்கு இருப்பதாலேயே இங்கே நிறுத்த முடியாது. 10-ஆம் பிரிவின் விளக்கமே அதைச் சொல்கிறது.

ஜூலை 15

ஸ்டே ஆன வழக்கின் கட்டை மறந்துவிடக் கூடாது. முந்திய வழக்கு வாதி வராமல் தள்ளுபடியானால் நிறுத்திவைத்த காரணமே போய்விடும். அந்த உத்தரவின் நகலோடு மெமோ போட்டு, வழக்கை மறுபடி பட்டியலில் கொண்டுவர வேண்டும். அதனால் வாய்தா நோட்டில் இரண்டு வழக்கின் தேதியும் பக்கத்துப் பக்கத்தில் இருக்கட்டும்.