ஒரு பத்தி, ஒரு சிவப்புப் பேனா: ரைட்டிங் 5.5இலிருந்து 6.5

ஐ.இ.எல்.டி.எஸ். என்ற ஆங்கிலத் திறன் தேர்வின் ரிசல்ட் வந்து மூன்று நாள் ஆகிறது. லிசனிங் 8, ரீடிங் 8, ரைட்டிங் 6.5, ஸ்பீக்கிங் 7. சராசரி 7.375தான், ஆனால் அங்கே அதை 7.5 ஆக்கிவிடுவார்கள். எனக்கு மொத்தத்தில் 7 வேண்டும், எந்தப் பிரிவும் 6.5க்குக் கீழே போகக் கூடாது. ரைட்டிங் அந்தக் கோட்டை நுனிவிரலால் தொட்டுக்கொண்டு நிற்கிறது. இன்னும் கொஞ்சம் தந்திருக்கலாம் என்ற வருத்தம் போகவில்லை, ஆனாலும் தூக்கம் வருகிறது.

போன முறை 7.5, 7, 5.5, 6.5. அந்த 5.5 ரைட்டிங். அதோடு மொத்தமும் 6.5இல் நின்றுவிட்டது.

ரைட்டிங்கை மட்டும் திரும்ப எழுதியிருக்கலாமே என்று கேட்பீர்கள். ஒரு பிரிவை மட்டும் திரும்ப எழுத 60 நாள்தான் அவகாசம். அன்றைக்கு நான் இருந்த நிலையில் 60 நாளில் ஒரு முழு பேண்டு, அதாவது ஒரு முழு மதிப்பெண், ஏறுவது நடக்காத காரியம். அதனால் நிதானமாக முழுத் தேர்வையும் மறுபடி எழுதுவது என்று முடிவு செய்தேன்.

முதல் முறை நான் படித்த லட்சணத்தைச் சொல்கிறேன். வார நாளில் புத்தகத்தைத் தொடமாட்டேன். சனி, ஞாயிறு வந்தால் ஆறாறு மணி நேரம். பத்து வாரம் அப்படி ஓடியது, கணக்குப் போட்டால் 120 மணி நேரம். ஞாயிறு ராத்திரி பெரிய சாதனை செய்த களைப்பு இருக்கும். அடுத்த சனிக்கிழமை உட்கார்ந்தால் போன வாரம் திருத்திக்கொண்ட அதே தவறு, அதே இடத்தில், சிரித்துக்கொண்டு நிற்கும்.

இரண்டாம் முறை 130 நாள், நாளுக்கு 25 நிமிடம். மொத்தம் 55 மணி நேரம்கூட வராது. பாதிக்கும் குறைவான உழைப்பில் ஒரு பேண்டு கூடுதல். இதில் மாயம் எதுவும் இல்லை. ஹெர்மன் எபிங்ஹாஸ் என்ற ஜெர்மானியர் அர்த்தமில்லாத அசைகளைத் தானே மனப்பாடம் செய்து, தன் மறதியைத் தானே அளந்து, 1885இல் எழுதிவைத்திருக்கிறார். ஒரே நாளில் 68 முறை திரும்பச் சொல்லிக் கிடைத்த பலன், மூன்று நாளுக்குப் பிரித்துச் சொன்னபோது 38 முறையிலேயே கிடைத்ததாம். எனக்கு இது தெரிந்தது தோற்ற பிறகுதான்.

சரி, அந்த 25 நிமிடத்தில் என்ன செய்தேன்?

ராத்திரி பல் துலக்கிவிட்டு நேராக மேஜைக்கு வருவேன். நோட்டில் நேற்று எழுதிய பத்தி இருக்கும். சிவப்புப் பேனாவை எடுத்து முதலில் அதைத் திருத்துவேன். பிறகு இன்றைய பத்தி. ஒன்றே ஒன்று, எட்டுப் பத்து வரி. அதை அன்றே திருத்த மாட்டேன். மூடிவைத்துவிட்டுப் படுத்துவிடுவேன்.

இந்த ஒரு நாள் இடைவெளியைத்தான் நான் திரும்பத் திரும்பச் சொல்வேன். எழுதிய சூட்டோடு படித்தால், எழுத நினைத்தது கண்ணுக்குத் தெரியுமே தவிர எழுதியது தெரியாது. ஒரு ராத்திரி கழிந்தால் அது வேறு யாரோ எழுதியது மாதிரி ஆகிவிடுகிறது. வேறு ஆளைத் திருத்தும்போது நமக்குக் கருணை குறைவு, அதுதான் வசதி.

முதல் வாரத்தில் ஒரு பத்தியில் 17 சிவப்பு வட்டம். எண்ணிப் பார்த்தால் அதில் 11 ஒரே ஜாதித் தவறு: ஆங்கிலத்தில் பெயர்ச்சொல்லுக்கு முன்னால் வரும் 'தி' போட வேண்டிய இடத்தில் போடவில்லை, 'ஏ' வேண்டிய இடத்தில் ஒன்றுமே இல்லை. யோசித்தால் காரணம் பளிச்சென்று தெரிகிறது. தமிழில் அந்தச் சொற்களே கிடையாது. "புத்தகம் மேஜையில் இருக்கிறது" என்றால் எந்தப் புத்தகம் என்பது பேசுகிறவருக்கும் கேட்கிறவருக்கும் தெரியும், தனியாக ஒரு சொல் வேண்டியதில்லை. அடுத்தது பன்மை. "பத்து வருஷம்" என்று சொல்லிப் பழகிய வாய்க்கு, பத்து என்று சொன்ன பிறகும் எதற்கு ஒரு 'எஸ்' என்றுதான் தோன்றும். லிசனிங்கிலும் அதே 'எஸ்' போன முறை என்னைக் கடித்தது. காதில் சரியாக விழுந்த விடையை ஒருமையில் எழுதிவிட்டு வந்தேன்.

இந்த விதி தெரியாத ஆள் இல்லை நான். கேட்டால் மேடை போட்டு விளக்குவேன். கைக்குத்தான் தெரியவில்லை. கைக்குத் தெரிய வைக்க, தினமும் அதே இடத்தில் ஒரு சிவப்பு வட்டம் விழுவதைத் தவிர எனக்கு வேறு வழி தெரியவில்லை. நாற்பதாம் நாள் வாக்கில் வட்டம் ஒன்பது. நூறாம் நாள் வாக்கில் மூன்று, நான்கு. இடையில் இரண்டு வாரம் குறையவே இல்லை, நோட்டைத் தூக்கி எறியலாம் போல இருந்தது.

இன்னொன்று. 21 நாளில் பழக்கம் வந்துவிடும் என்று சொல்வதை நம்பி உட்காராதீர்கள். எனக்கு 21ஆம் நாள் முதல் நாளைவிடக் கசந்தது. யூனிவர்சிட்டி காலேஜ் லண்டன் ஆய்வாளர்கள் 2010இல் வெளியிட்ட ஆய்வில், ஒரு பழக்கம் தானாக நடக்கத் தொடங்க நடுமதிப்பாக 66 நாள் ஆகியிருக்கிறது. 18 நாளில் படிந்தவர்களும் உண்டு, 254 நாள் வேண்டியவர்களும் உண்டு. நடுவில் ஒரு நாள் தவறினால் பெரிய பாதிப்பு இல்லை என்றும் அதில் பார்த்திருக்கிறார்கள். நான் மொத்தம் ஒன்பது நாள் தவறவிட்டேன். அதில் நான்கு காய்ச்சல், மீதி சோம்பல்.

காய்ச்சலுக்குப் பிறகு எனக்கு நானே போட்டுக்கொண்ட ஏற்பாடு: முடியாத நாளில் எழுத வேண்டாம், நேற்றைய பத்தியில் ஒரே ஒரு வட்டம் போட்டால் போதும். அரை நிமிட வேலை. ஆனால் நோட்டைத் திறந்தாகிவிட்டதா, பாதி நாள் எழுதாமல் மூடவே மனம் வராது.

மற்றபடி சுருக்கமாக:

- ரீடிங்: தினம் ஒரே ஒரு பாசேஜ், கடிகாரம் வைத்து 20 நிமிடம். அலுவலகத்துக்குக் கிளம்பும் முன்னால். இந்த நேரம் மேலே சொன்ன கணக்கில் சேராது.
- ஸ்பீக்கிங்: ஒரு கியூ கார்டு (பேச வேண்டிய தலைப்பு எழுதிய சீட்டு), ஒரு நிமிடம் யோசனை, இரண்டு நிமிடம் பேச்சு, போனில் பதிவு. மறுநாள் கேட்டுப் பாருங்கள், கூசும். பரவாயில்லை.
- ரைட்டிங்: அதில் டாஸ்க் 1, டாஸ்க் 2 என்று இரண்டு பகுதி, இரண்டாவது கட்டுரை. டாஸ்க் 2க்கு டாஸ்க் 1ஐப் போல இரண்டு மடங்கு எடை. என் பத்திகளில் முக்கால்வாசி டாஸ்க் 2.
- படிக்கும் குழுக்கள்: எனக்கு ஒத்துவராது. உங்களுக்கு ஒத்துவந்தால் சேருங்கள்.
- டெம்ப்ளேட்: வேண்டவே வேண்டாம்.

கடைசி விஷயத்தில் எனக்குக் கோபம் இருக்கிறது. முதல் முறை நான் போன பயிற்சி வகுப்பில் முன்னுரையும் முடிவுரையும் எழுதிக் கொடுத்து மனப்பாடம் செய்யச் சொன்னார்கள். மனப்பாட வாக்கியம் எது, சொந்த வாக்கியம் எது என்று கண்டுபிடிக்கப் பயிற்சி பெற்றவர்கள்தான் திருத்துகிறார்கள். என் கட்டுரையில் அலங்காரமான முதல் வரிக்கும் 'தி' இல்லாத இரண்டாம் வரிக்கும் நடுவில் இருந்த பள்ளத்தை யாராக இருந்தாலும் கண்டுபிடித்திருப்பார்கள்.

இந்த முறையில் ஒரு ஓட்டை உண்டு, அதையும் சொல்லிவிடுகிறேன். தினம் ஒரு பத்தி எழுதினால் பத்தி நன்றாக வரும், கட்டுரை வராது. 60 நிமிடத்தில் இரண்டு டாஸ்க்கையும் முடிக்கும் வேகம் வேறு சமாச்சாரம். முதல் மாதிரித் தேர்வில் எனக்கு டாஸ்க் 2இன் முடிவுரை எழுத நேரமே இல்லை. கடைசி நான்கு வாரம், வாரத்துக்கு ஒரு முழு மாதிரித் தேர்வு எழுதித்தான் அதைச் சரிக்கட்டினேன். இரண்டு மாதம் முன்பே தொடங்கியிருந்தால் அந்த 6.5 ஒருவேளை 7 ஆகியிருக்கும்.

ரிசல்ட் வந்த அன்று ராத்திரி பல் துலக்கிவிட்டுப் பார்த்தால் மேஜை முன்னால் உட்கார்ந்திருக்கிறேன். தேர்வு முடிந்தும் மனிதன் ஏன் படிக்க வேண்டும் என்று அதையே தலைப்பாக வைத்து எட்டு வரி எழுதினேன். மறுநாள் திருத்தினேன். இரண்டு வட்டம், இரண்டும் 'தி'.