கடையாகக் கட்டிய கோர்ட்

முப்பத்திரண்டு வருடம் முன்சிஃப் கோர்ட்டில் குமாஸ்தாவாக இருந்தவன் நான். எந்த ஊருக்குப் போனாலும் கோயிலைப் பார்த்த கையோடு கோர்ட்டையும் பார்த்துவிடுவேன். அல்புகர்க்கியில் இருக்கும் மகளுக்கு இது தெரியும். "அப்பா, உங்களுக்கென்றே ஒரு இடம் வைத்திருக்கிறேன்" என்று நியூ மெக்ஸிகோவின் லிங்கன் கிராமத்துக்குக் காரில் அழைத்துப் போனாள்.

ஊரே ஒரு தெருதான். அதில் மாடி வைத்த ஒரு மண் கட்டடம். சூளையில் சுடாமல் வெயிலில் காயவைத்த பச்சை மண் கல், அடோபி என்கிறார்கள். ஜன்னல் திட்டில் கையை வைத்துப் பார்த்தேன், சுவரின் கனம் முழங்கையைத் தாண்டியது. வெளியே வெயில் கொளுத்த, உள்ளே பாட்டி வீட்டு ரேழியின் குளுமை.

கோர்ட்டுக்குரிய மிடுக்கு எதுவும் அதற்கு இல்லை. எப்படி இருக்கும்? லாரன்ஸ் மர்ஃபி என்ற வியாபாரி 1873-74இல் கட்டிய கடை அது. கடை நொடித்த பிறகு கவுண்டி, அதாவது நம்மூர் மாவட்டம் மாதிரி, அதன் நிர்வாகம் வாங்கி மேல்மாடியில் கோர்ட்டை வைத்தது. அங்கேயே கவுண்டியின் காவல் தலைவரான ஷெரீப்பின் அலுவலகம், அதை ஒட்டிக் கைதிக்கு ஓர் அறை. ஆட்களை உள்ளே வரவழைக்கக் கட்டிய வீட்டில், ஓர் ஆளை வெளியே போகவிடாமல் வைக்க முடியுமா?

அந்தக் கைதி, அமெரிக்க மேற்கில் பேர்போன துப்பாக்கிக்காரன் பில்லி தி கிட். 1881 ஏப்ரலில் மெஸில்லா கோர்ட் தூக்குத் தண்டனை விதித்து, மே 13 என்று நாளும் குறித்தாயிற்று. ஏப்ரல் 28 அன்று ஷெரீப் பாட் கேரட் வரி வசூலுக்கு வெளியூர் போயிருந்தார். காவலர் இருவரில் ஆலிங்கர், மற்றக் கைதிகளைச் சாப்பிட அழைத்துக்கொண்டு எதிர்ச்சாரி ஹோட்டலுக்குப் போனார். மிஞ்சியவர் பெல். அவரைப் படிக்கட்டில் சுட்டான் கிட். சத்தம் கேட்டு ஓடிவந்த ஆலிங்கரை, அவருடைய இரட்டைக்குழல் துப்பாக்கியாலேயே மாடி ஜன்னலிலிருந்து சுட்டான். பிறகு சாவகாசமாக விலங்கை உடைத்துக் குதிரையேறிப் போய்விட்டான். முதல் துப்பாக்கி கழிவறையில் யாரோ ஒளித்து வைத்தது என்பார் உண்டு. பெல்லிடமே பறித்தது என்பாரும் உண்டு.

அவன் சாகசத்தில் எனக்குச் சுவாரசியமில்லை. தூக்குக் கைதிக்கு ஒற்றை ஆள் பாரா! எங்கள் கோர்ட்டில் கோழித் திருடனைக் கொண்டுவந்தாலும் இரண்டு போலீஸ்காரர் நிற்பார்கள்.

என்னைக் கவர்ந்தது வேறொரு வழக்கு. கவுண்டித் தலைநகரை ரயில் வசதியுள்ள காரிஸோஸோவுக்கு மாற்றலாம் என்று 1909இல் மக்கள் வாக்களித்தார்கள். லிங்கன்காரர்கள் விடவில்லை, வாஷிங்டன் உச்ச நீதிமன்றம்வரை இழுத்து, 1913இல் தோற்றார்கள். கோர்ட்டைக் காப்பாற்றக் கோர்ட்டுக்குப் போன ஊர்! அதன்பின் இங்கே பள்ளிக்கூடம் நடந்தது, இப்போது மியூசியம்.

பெல்லைச் சுட்ட குண்டு துளைத்தது என்று படிக்கட்டடியில் சுவரில் ஓர் ஓட்டையைக் காட்டுகிறார்கள். மகள் என்னை அதன் பக்கத்தில் நிறுத்திப் படமெடுத்தாள். படத்தில் நான் அண்ணாந்து, மேல்படியில் இன்னொரு காவலர் நிற்க இடமிருக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருக்கிறேன்.