ஒரு பறக்கும் முத்தம்

நேற்று தூங்கப் போகும்போது மணி இரண்டு. காரணம், ஜப்பானிய நடிகை கினுயோ தனாகா.

1924இல் ஊமைப்படத்தில் அறிமுகமானபோது வயது 14. 1931இல் ஜப்பானின் முதல் முழுநீளப் பேசும்படத்திலும் அவர்தான் நாயகி.

1949இல் கிமோனோ கட்டி அமெரிக்கா போனவர், 1950 ஜனவரியில் கறுப்புக் கண்ணாடியோடு திரும்பி, கூட்டத்தைப் பார்த்துப் பறக்கும் முத்தம் கொடுத்தார். அவ்வளவுதான், பத்திரிகைகள் கிழித்துத் தொங்கவிட்டன. போரில் அமெரிக்காவிடம் தோற்று ஐந்து வருடம்கூட ஆகாத நாடு, கோபம் புரிகிறது. ஆனாலும் ஒரு முத்தத்துக்கா இவ்வளவு?

அப்புறம் 1953இல் தானே இயக்குநரானார். அவரைப் பல படங்களில் நடிக்கவைத்த இயக்குநர் மிசோகுச்சியே அதை எதிர்த்தார் (இது எனக்கு ஆறவே இல்லை). மொத்தம் ஆறு படம் எடுத்தார்.

போர்னியோவுக்கு விற்கப்பட்ட ஒரு பெண்ணின் முதுமையை நடித்து, 1975இல் பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது வாங்கினார். இன்றைக்கு அந்தப் படம்தான். காபி போட்டாச்சு.