பின்னணிக் குரல்

மார்ச் 3
போன் வரவில்லை.

மார்ச் 4
ராத்திரி 'ஆங்ஸ்ட்' படம் மறுபடி. ஆஸ்திரியா, 1983. ஜெயிலிலிருந்து வெளியே வந்தவன் அன்றைக்கே கொலைக்கு ஆள் தேடுகிறான். பின்னணியில் அவன் குரல் நிதானமாகத் திட்டம் சொல்லிக்கொண்டே போகிறது. திரையில் பார்த்தால் ஆள் பதறுகிறான், வியர்க்கிறான். டாக்சி ஓட்டும் பெண் சுதாரித்துக்கொண்டதும் இறங்கிக் காட்டுக்குள் ஓடுகிறான். குரலுக்கும் கைக்கும் ஒட்டவே இல்லை, பயம் அங்கேதான். கேமராவை நடிகர் உடம்போடு கட்டி எடுத்திருக்கிறார்கள். அவன் முகம் அப்படியே நிற்க, சுற்றியிருப்பதெல்லாம் ஆடுகிறது. இயக்குநர் கார்கல் சொந்தக் காசைப் போட்டு எடுத்தார், அப்புறம் வேறு முழுநீளப் படமே எடுக்கவில்லை. நான் எடிட் பண்ணும் கொலைகாரன் படத்தின் டைரக்டர் பையனிடம் இதைச் சொல்லக் கூடாது.

மார்ச் 6
நம் நடிகர் பின்னணிக் குரலை உறுமி உறுமிப் பேசியிருக்கிறார். "இப்பதானே அண்ணே பயமா இருக்கு?" என்கிறான் பையன். எனக்குத் திருவிழா நாடகம் மாதிரி இருக்கிறது. தண்ணி பில் கட்டியாச்சா என்று கேட்கிற குரலில் பேசச் சொன்னேன். கத்திக்குத்துச் சத்தத்துக்கு அவன் வாங்கி வைத்த பப்பாளிக்காயை அம்மா கூட்டு வைத்துவிட்டார். நல்லதாகப் போயிற்று.

மார்ச் 7
அம்மா: "அப்பா இப்படி இருக்கும்போது உனக்கு இந்தக் கருமம் தேவையா?"

மார்ச் 9
'ஹென்றி' படம். சிகாகோவில் 1985-ல், 16 எம்.எம்.மில், சுமார் 1,10,000 டாலரில் எடுத்தது. ஒரு குடும்பத்தையே கொல்வதைக் கொலைகாரர்கள் தாங்களே எடுத்த வீடியோவாக சோபாவில் உட்கார்ந்து பார்க்கிறார்கள். நாமும் கூடவே பார்க்கிறோம். கோடி கொட்டினாலும் இதைவிடக் கொடூரமாக எடுக்க முடியாது. பெற்ற தாயைக் குத்தினேன் என்கிறான் ஹென்றி, கொஞ்ச நேரத்தில் சுட்டேன் என்கிறான். குரலில் மாற்றமே இல்லை.

மார்ச் 10
நர்ஸ் கூப்பிட்டார். புதன்கிழமை வரணுமாம், டாக்டர் நேரில்தான் பேசுவாராம். எவ்வளவு நிதானமான குரல். எதையும் கண்டுபிடிக்க முடியவில்லை.

மார்ச் 11
கோலாலம்பூர் செந்தூல் பிளாட்டில் எடுத்த கிரில் பூட்டுக் காட்சி. கொலை முடிந்து வெளியே வந்து பூட்டுகிறான், சாவி நுழையவில்லை. இசையைத் தூக்கிவிட்டேன். பூட்டு கம்பியில் இடிக்கும் சத்தம் மட்டும். பையன் பாதியை வெட்டச் சொல்கிறான். மாட்டேன். ஸ்பீக்கரில் போட்டுக் கேட்டுக்கொண்டிருந்தபோது பக்கத்து வீட்டு ஆண்ட்டி வந்து நிற்கிறார்: "ராத்திரி ஒரு மணிக்கு யாருப்பா என் கிரில்லை ஆட்டுறது?"

மார்ச் 12
ஏழு மணிக்கெல்லாம் அப்பாவைக் கிளப்பணும், ஜாலான் ஈப்போ ஜாம் ஆகிவிடும். சாயங்காலம் குரல் பதிவு, வர முடியுமா என்று பையன் கேட்டிருக்கிறான். அப்புறம் சொல்கிறேன் என்று போட்டுவிட்டேன்.