உமிப்பூச்சியும் கடன் உண்ணியும்: ஒரு விலங்கேட்டின் நாட்குறிப்பு

பிப்ரவரி 3

பகடை உருட்டி ஆடும் கதையாட்டத்தில் காலத்தைத் திருப்பும் மந்திரம் இருந்தால், அதன் கழிவை, அதாவது நடந்து பிறகு நடக்காமல் போன நேரத்தை, தின்னவும் ஏதாவது இருக்க வேண்டும். இல்லாவிட்டால் மந்திரத்துக்கு விலையே கிடையாது. தோற்ற சண்டையையெல்லாம் திருப்பித் திருப்பி ஆடிக்கொண்டிருப்பார்கள். ‘காலத்தைத் தின்னும் பிசாசு’ என்று ஒரு வரி எழுதிவிட்டு நகர்வதுதான் வழக்கமான தவறு. காலத்தையே தின்றால் அது வேட்டை விலங்கு, சிறுத்தைக்குக் கடிகாரம் கட்டிவிட்ட கதை. இங்கே வேண்டியது சாணவண்டு, பிணந்தின்னிக் கழுகு ஜாதி. எதைத் தின்கிறது, எதைக் கழிக்கிறது: ஆட்டத்தின் கற்பனை உயிர்களைப் பட்டியலிடும் விலங்கேட்டில் முதலில் இந்த இரண்டு வரி. பல்லும் கொம்பும் அப்புறம்.

பிப்ரவரி 4

அளவை. சண்டையில் ஒரு சுற்றுக்கு 6 விநாடி என்பது பல ஆட்டங்களில் வழக்கம். நம் பழைய வினாழிகை 24 விநாடி, சரியாக 4 சுற்று. 60 வினாழிகை ஒரு நாழிகை, 60 நாழிகை ஒரு நாள். அளந்து தைத்ததுபோல் பொருந்துகிறது. வேறு அலகு தேட வேண்டாம்.

கழிவை ஆள்கணக்கில்தான் எடுக்க வேண்டும். 5 பேர் நிற்கும் களத்தில் 1 சுற்றைத் திருப்பினால் 30 விநாடி, அதாவது ஒன்றேகால் வினாழிகை. அதே சுற்றை 200 பேர் உள்ள சந்தையில் திருப்பினால் 50 வினாழிகை. இந்த ஒரு விதி போதும், ஆட்டக்காரர்கள் தாமாகவே ஆளில்லாத இடம் தேடிப் போவார்கள்.

பிப்ரவரி 7

உமிப்பூச்சி. நடந்து, பிறகு நடக்காமல் போன சுற்றுதான் உமி; அரிசியை மந்திரவாதி எடுத்துக்கொண்டான். பூச்சி விரல்நகம் அளவு, நெல் நிறம், கடிக்காது. 1 வினாழிகை தின்றால் இரண்டாகப் பிரியும். கழிப்பது சாம்பல் நிறத் தூள். மிதித்தவருக்கு ‘இது முன்னமே நடந்ததாச்சே’ என்று தோன்றும்; அடுத்த ஒரு பகடையை மறுபடி உருட்டிக்கொள்ளலாம்.

இதில் ஒரு ஓட்டை உண்டு. திருப்பு, தூளை அள்ளு, மறுபடி திருப்பு என்று வியாபாரம் தொடங்கிவிடும். அடைக்கும் விதி: பூச்சி தின்ற சுற்றை மறுபடி திருப்ப முடியாது. தின்றது தின்றதுதான்.

பிப்ரவரி 8

இரட்டிப்பைக் கணக்குப் போட்டுப் பார்க்காமல் விடக்கூடாது. ஒரே பூச்சி 10 தடவை பிரிந்தால் 1,024. மேசையில் அத்தனை காய்க்கு இடமேது? இரண்டு திருத்தம்: இரையில்லாமல் 10 சுற்று போனால் சாகும், பூச்சிகளின் எண்ணிக்கை 20-க்கு மேல் போனால் எல்லாம் சேர்ந்து ‘மொய்ப்பு’ என்று ஒரே காய். மொய்ப்புக்கும் தாக்குதல் எண் கிடையாது. பார்வையை மறைக்கும், அவ்வளவுதான். ஆயுதம் கொடுக்கக் கை அரிக்கும், கொடுக்க வேண்டாம்.

பிப்ரவரி 12

கடன் உண்ணி. இது முன்கூட்டிச் செலவழித்த நேரத்தில் ஒட்டுவது. வேகமந்திரம் போட்டு ஒரு சுற்றில் இரண்டு சுற்று வேலை பார்த்தவரின் பிடரியில் இருக்கும்.

உலகத்தில் இதற்குப் பொருத்தமான வாழிடம் தேடினால் இலங்கைதான் முதலில் நிற்கும். 1996 மே மாதம் அங்கே கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளினார்கள். அக்டோபரில் அரை மணி திரும்பி வந்தது. மிச்ச அரை மணி 2006 ஏப்ரலில்தான் வந்து சேர்ந்தது. புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகளில் பழைய நேரமே ஓடியது. ஆக ஒரே தீவுக்குள் 75 வினாழிகைக் கடன் கிட்டத்தட்ட பத்து வருஷம் அடைபடாமல் கிடந்தது. அதன் விளிம்பு ஒரு சோதனைச்சாவடியில் வந்து நின்றது. உண்ணிக்கு இதைவிடக் கொழுத்த மேய்ச்சல் வேண்டுமா? கற்பனை ஊருக்கும் இந்த அச்சையே எடுக்கலாம்: எல்லைக்கோட்டின் இருபுறமும் இரு நேரம், உண்ணி கோட்டின் மேல்.

பிடுங்கக்கூடாது. நிஜ உண்ணியை இழுத்தால் வாய் தோலுக்குள் தங்கிவிடுவதுபோல, இதன் வாயும் தங்கி, நாளுக்கு 1 வினாழிகை வட்டி உறிஞ்சிக்கொண்டே இருக்கும். வைத்தியம் ஒன்றுதான்: எத்தனை சுற்று கடன் வாங்கினாரோ அத்தனை சுற்று சும்மா நிற்க வேண்டும். கடன் அடைந்தால் தானே உதிரும்.

பிப்ரவரி 14

வெட்டுநாள் நத்தை. நாட்காட்டியைத் திருத்தியபோது ரோமில் 1582 அக்டோபர் 4-க்கு அடுத்த நாள் 15. 1752-இல் பிரிட்டனில் செப்டம்பர் 2-க்கு அடுத்து 14. தேதிக்கோட்டின் மறுபுறம் தாவிய பசிபிக் தீவு நாடு சமோவாவுக்கு 2011 டிசம்பர் 30 என்ற நாளே இல்லை. வெட்டியெறிந்த அந்த நாட்களுக்குள் ஊர்கிறது. யாருக்கும் தொல்லையில்லை. பதுங்க இடம் வேண்டுபவர் அதன் ஓட்டுக்குள் ஒரு நாள் தங்கலாம். வெளியே வரும்போது அந்த நாள் அவர் கணக்கில் இருக்காது. இதற்கு மேல் எழுதினால் நத்தை கெட்டுவிடும்.

பிப்ரவரி 19

கழிவே இல்லாத வழி ஒன்றும் கொடுத்தாக வேண்டும். பூமியின் சுழற்சியோடு கடிகாரம் ஒத்துப்போகச் செருகும் நெட்டை விநாடி (லீப் செகண்ட்) விவகாரத்திலிருந்து கிடைக்கிறது. 1972 முதல் 2016 வரை 27 தடவை கடிகாரத்தில் ஒரு விநாடி செருகினார்கள். 2012 ஜூன் 30 அன்று முழு விநாடியாகச் செருகியபோது பல லினக்ஸ் சர்வர்கள் செயலி கொதிக்கச் சுழன்று திணறின. மாற்று வழி, அந்த விநாடியை 24 மணி நேரத்தில் பூசிவிடுவது: ஒவ்வொரு விநாடியும் சுமார் 11.6 மைக்ரோவிநாடி மட்டும் நீளும். யாருக்கும் தெரியாது.

ஆட்டத்தில் இதற்குப் ‘பூச்சு’ என்று பெயர். உமிப்பூச்சியின் ஒரு வாய்க்குக் குறைந்தது கால் வினாழிகை வேண்டும். பூசிய கழிவு அதற்கு அகப்படாது. விலை: ஒரு முழு நாள் சடங்கு. சண்டை நடுவே பயன்படாது, அதுவே நியாயம்.

பிப்ரவரி 22

நஞ்சு. சாவைத் திருப்பிய சுற்று சாதாரண உமியாக இருக்க முடியாது. இங்கே கழுகுகளின் பாடம் இருக்கிறது: மாட்டுக்குப் போட்ட டைக்ளோஃபினாக் என்ற வலிமருந்து பிணத்தில் தங்கி, அதைத் தின்ற கழுகுகள் சிறுநீரகம் கெட்டு மாண்டன, இந்தியாவில் கால்நடைக்கு அதைத் தடை செய்தது 2006-இல். பிணம் கிடந்தது, தெருநாய் பெருகியது.

அதே வரிசை இங்கும். ஒருவரின் சாவைத் திருப்பினால் அந்த உமியைத் தின்ற பூச்சி எல்லாம் 4 சுற்றில் சாகும். அந்த இடத்தில் கழிவு குவியத் தொடங்கும். 60 வினாழிகை சேர்ந்ததும் ஆட்டத்தை நடத்தும் கேம் மாஸ்டர் ஒரு பகடை உருட்ட வேண்டும். 1 விழுந்தால் நாய் வருகிறது. நாய்க்கு மட்டும் தாக்குதல் எண் உண்டு. உமி, அரிசி என்று அது பிரித்துப் பார்க்காது.