“இதுக்கு ஏன் தம்பி பச்சை?” – அலாஸ்கா எரிமலைகளை வைத்து ப்ராஜெக்ட் செய்த அனுபவம்

வைவா (வாய்மொழித் தேர்வு) அன்று வெளியிலிருந்து வந்திருந்த தேர்வாளர் என் அறிக்கையைப் புரட்டவே இல்லை. நேராகச் சுவரில் ஒட்டியிருந்த வரைபடத்தின் முன்னால் போய் நின்றார். அலாஸ்கா தீபகற்பத்தில் தொடங்கி அலூஷியன் தீவுகள் முழுக்க எரிமலைகள், ஒவ்வொன்றுக்கும் ஒரு வட்டம். எச்சரிக்கை நிலையைப் பொறுத்து பச்சை, மஞ்சள், ஆரஞ்சு, சிவப்பு. கண்ணாடியைக் கழற்றிக்கொண்டு கிட்டத்தில் குனிந்து, கசடோச்சி என்ற குட்டித் தீவின் மேல் விரலை வைத்தார்.

“இதுக்கு ஏன் தம்பி பச்சை?”

“அங்க இப்ப எதுவும் நடக்கல சார்.”

“நடக்கலைன்னு யார் சொன்னது?”

தொண்டை வறண்டுவிட்டது. அவர் கேட்டதில் ஒரு வருட உழைப்பின் ஓட்டை தெரிந்தது. அலாஸ்கா எரிமலை ஆய்வகத்தின் நிறக் குறியீட்டில் பச்சை என்றால், கருவிகள் பார்த்துக்கொண்டிருக்கின்றன, வழக்கத்துக்கு மாறாக எதுவும் இல்லை என்று பொருள். போதிய கருவி இல்லாத எரிமலைக்கு அவர்கள் பச்சை கொடுப்பதில்லை; ‘நிலை ஒதுக்கப்படவில்லை’ என்று தனியாக வைப்பார்கள். நான் என்ன செய்திருந்தேன் என்றால், எக்செலில் அந்த வரிகளையெல்லாம் ஒரே இழுப்பில் பச்சையாக்கியிருந்தேன். காலியாக இருந்தால் பார்க்க நன்றாயிருக்காதே என்று.

அவர் கசடோச்சியைத் தேர்ந்தெடுத்ததும் தற்செயல் இல்லை. 2008 ஆகஸ்ட் 7 அன்று அது வெடித்தபோது அந்தத் தீவில் ஒரு கருவிகூடக் கிடையாது. பறவைகளை ஆராய வந்திருந்த இரண்டு உயிரியலாளர்கள் மட்டும் இருந்தார்கள். தரை ஆடிக்கொண்டே இருந்தது. மீன்பிடிப் படகு ஒன்று வந்து அவர்களை ஏற்றிக்கொண்டு போன சற்று நேரத்தில் மலை வெடித்தது. அந்த இடத்துக்குத்தான் நான் பச்சை அடித்திருந்தேன்.

இந்த வருடம் ஜூனியர்கள் மூன்று பேர் கிட்டத்தட்ட இதே தலைப்பை எடுத்துக்கொண்டு ஆளாளுக்கு போன் பண்ணுகிறார்கள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்வதைவிட எழுதிவிடலாம் என்று தோன்றியது.

முதலில் எல்லோரும் கேட்பது: ஏன் அலாஸ்கா, அந்தமானில் பாரன் தீவு இருக்கிறதே? எனக்கும் முதல் ஆசை அதுதான். நம் நாட்டின் ஒரே செயல்படும் எரிமலை. ஆனால் ஒரே மலையை வைத்துக்கொண்டு ஒப்பிட எதுவும் இல்லை. நேரில் போவதும் லேசில்லை. அலாஸ்காவில் வரலாற்றுக் காலத்தில் வெடித்தவையே 50க்கு மேல். ஆய்வகம் தொடங்கிய 1988இலிருந்து அறிக்கைகள் வரிசையாகக் கிடைக்கின்றன. ஃபேர்பேங்க்ஸில் உள்ள அலாஸ்கா சாட்டிலைட் ஃபெசிலிட்டியில் ஒரு இலவசக் கணக்கைத் திறந்தால் ரேடார் படங்களை விடுதி அறையில் உட்கார்ந்தே இறக்கிக்கொள்ளலாம். செலவு இணையத்துக்கு மட்டும்தான்.

படிப்பை எங்கே தொடங்குவது? பாடப்புத்தகத்தின் எரிமலை வகைகளில் தொடங்காதீர்கள். நான் அதில் ஒன்றரை மாதம் வீணாக்கினேன். 1989 டிசம்பர் 15இல் தொடங்குங்கள். ஆம்ஸ்டர்டாமிலிருந்து வந்த கேஎல்எம் 867 விமானம் ஆங்கரேஜில் இறங்கும் வழியில் ரிடவுட் எரிமலையின் சாம்பலுக்குள் நுழைந்தது. 231 பயணிகள். நான்கு எஞ்சின்களும் நின்றுவிட்டன. எஞ்சின் சூட்டில் சாம்பல் உருகி, உள்ளே கண்ணாடிப் பூச்சாகப் படிந்து காற்றோட்டத்தை அடைத்ததுதான் காரணம். நாலாயிரம் மீட்டருக்கு மேல் கீழே சரிந்த பிறகு எஞ்சின்கள் மறுபடி பிடித்து, பத்திரமாகத் தரையிறங்கியது. அந்த வெடிப்புக் காலத்தில் ஆய்வகம் உருவாக்கிய நான்கு நிறக் குறியீடுதான் பின்னால் உலக விமானத் துறைக்கே வழக்கமானது. ஆள் நடமாட்டமே இல்லாத தீவுகளை ஏன் இரவும் பகலும் கண்காணிக்க வேண்டும் என்பதற்கு இதைவிட நல்ல பதில் கிடையாது. வட அமெரிக்காவுக்கும் ஆசியாவுக்கும் நடுவே பறக்கும் விமானங்களின் பாதை அந்தத் தீவுகளுக்கு மேல்தான் போகிறது.

அடுத்து வரைபடம். ‘எரிமலை எங்கே இருக்கிறது என்று புள்ளி வைப்பதுதானே’ என்று நினைப்பவர்கள் 1912ஐப் படிக்க வேண்டும். அந்த ஜூன் 6இல் தொடங்கி மூன்று நாளில் 20ஆம் நூற்றாண்டின் மிகப் பெரிய வெடிப்பு நடந்தது. தொலைவில் கோடியக் ஊரில் பகலிலேயே கும்மிருட்டு. பிறகு போய்ப் பார்த்தவர்கள் கட்மாய் மலையின் உச்சி இடிந்து பள்ளமாகிக் கிடந்ததைக் கண்டு, வெடித்தது இதுதான் என்று முடிவு கட்டினார்கள். யாருக்குத்தான் தோன்றாது? 1950களில் கார்னிஸ் கர்டிஸ் என்ற புவியியலாளர் அங்கே சாம்பல் அடுக்குகளின் தடிமனை இடம் இடமாக அளந்து, ஒரே தடிமன் உள்ள இடங்களைக் கோடுகளால் இணைத்தார். அந்தக் கோடுகள் கட்மாயைச் சுற்றி அமையவில்லை. சுமார் 10 கி.மீ. தள்ளியிருந்த நோவரப்டா என்ற சின்ன மேட்டைச் சுற்றி அமைந்தன. மாக்மா (உருகிய பாறைக் குழம்பு) அந்தப் பக்கமாக வெளியேறியதால் அடியில் தாங்க ஆளில்லாமல் கட்மாய் உச்சி உள்ளே விழுந்திருக்கிறது. குற்றவாளி மாறி நாற்பது வருடம் ஓடியிருந்தது. சம தடிமன் வரைபடம் பற்றி வைவாவில் நிச்சயம் ஒரு கேள்வி வரும். இந்தக் கதையைச் சொல்லுங்கள்.

என் சொந்த வரைபடத்தில் நடந்த கூத்து வேறு. செமிசொபொச்னாய் என்று ஒரு தீவு. ரஷ்ய மொழியில் ‘ஏழு மலைகள் கொண்டது’ என்று பொருள். விடுதியில் அதற்கு ‘ஏழுமலை’ என்றே பெயர் வைத்துவிட்டோம். க்யூஜிஐஎஸ் என்ற வரைபட மென்பொருளில் எல்லாவற்றையும் ஏற்றிப் பார்த்தால் மற்றவை இடது ஓரத்தில், ஏழுமலையும் அதற்கு மேற்கே உள்ள சிலவும் மட்டும் வலது கோடியில் தனியாக. அட்டவணையில் தப்பு என்று நினைத்து அவற்றின் தீர்க்கரேகைகளுக்கு முன்னால் ஒரு கழித்தல் குறியைப் போட்டேன். உடனே வரிசைக்குள் வந்துவிட்டன. சந்தோஷமாகத் தூங்கப் போனேன். உண்மையில் அட்டவணைதான் சரி. அலூஷியன் வரிசை 180 பாகைக் கோட்டைத் தாண்டுகிறது. ஏழுமலை இருப்பது கிழக்கு 179.6இல். நான் அதைத் தூக்கி மேற்கு 179.6இல் வைத்திருந்தேன், ஐம்பது கி.மீ. தள்ளி, நடுக்கடலில். இதற்கு மருந்து எளிது: உருண்டைப் பூமியைத் தட்டையாக விரிக்கும் முறைகளில், அலாஸ்காவுக்கென்றே உள்ள அலாஸ்கா ஆல்பர்ஸ் ப்ரொஜெக்‌ஷனுக்கு மாறிவிடுங்கள். தூரக் கணக்குக்கும் அதுதான் நல்லது. இணைய வரைபடங்களின் மெர்கேட்டரில் 60 பாகை அட்சத்தில் நீளம் இரண்டு மடங்காகிவிடும். 10 கி.மீ. வட்டம் போட்டதாக நினைத்து 5 கி.மீ. வட்டம் போட்டிருப்பீர்கள்.

உயர விவரங்களுக்கு ஆர்க்டிக்டெம் என்ற தரவுத்தொகுப்பு இருக்கிறது. 2 மீட்டர் பிரிதிறன், அலாஸ்கா முழுவதற்கும், ரஷ்யாவின் கம்சட்காவுக்கும்கூட. லேப்டாப் தாங்காது, வேண்டிய மலையை மட்டும் வெட்டி எடுங்கள்.

இனி கண்காணிப்பு. நான் அதிக நாள் மாட்டிக்கொண்டு கிடந்தது ரேடாரில்தான். சென்டினல்-1 செயற்கைக்கோள் ஒரே பாதையில் 12 நாளுக்கு ஒருமுறை வருகிறது. இரண்டு படங்களின் அலைக்கட்டத்தைக் கழித்தால் இடையில் தரை எவ்வளவு நகர்ந்தது என்று வானவில் வளையங்களாகத் தெரியும். அலைநீளம் சுமார் 5.6 செ.மீ.; போய்த் திரும்பும் தூரம் என்பதால் ஒரு முழு வளையம் 2.8 செ.மீ. மூன்று வளையம் எண்ணினால் 8.4. கணக்கு இவ்வளவுதான். தொல்லை எல்லாம் படத்தைத் தேர்ந்தெடுப்பதில்.

நான் முதலில் எடுத்தது ஜனவரியும் பிப்ரவரியும். வளையம் ஒன்றும் இல்லை, திரை முழுக்கக் கலர் கோலப்பொடியைக் கலந்து கொட்டியதுபோல் இருந்தது. ‘அசைவு இல்லை’ என்று குறித்துக்கொண்டு அடுத்த மலைக்குப் போனேன். மூன்று வாரம் கழித்து கைடு மேடம் திரையை எட்டிப் பார்த்தார். “இது எந்த மாசத்துப் படம்?” சொன்னேன். “அங்க தரையே தெரியாதே, பனியைத்தானே பார்த்திருக்க?” என்றார். பனி விழுந்தாலும் உருகினாலும் பழைய எதிரொலியும் புதியதும் ஒத்துப்போகாது. அந்தப் படம் ‘அசைவில்லை’ என்று சொல்லவில்லை; எதையும் சொல்லவில்லை. வடக்கே வேலை செய்தால் ஜூன் முதல் செப்டம்பர் வரையுள்ள படங்களை எடுங்கள். இந்தக் கோடையை அடுத்த கோடையோடு ஜோடி சேருங்கள். இரண்டு எதிரொலிகளும் எவ்வளவு ஒத்துப்போகின்றன என்று காட்டும் கோஹெரன்ஸ் படத்தைத் திறந்து பார்க்காமல் எந்த வளையத்தையும் எண்ணாதீர்கள். 2021 டிசம்பர் 23இல் அந்த வரிசையின் இரண்டாவது செயற்கைக்கோளான சென்டினல்-1பி பழுதாகிவிட்டது என்பதும் நினைவிருக்கட்டும். அதற்குப் பிறகான அதன் படங்களைத் தேடி நான் ஒரு வாரம் அலைந்திருக்கிறேன்.

இதற்கு நேர் எதிரான தப்பும் உண்டு. ஷிஷால்டின் மேல் அழகான வளையம் ஒன்று வந்தது. 2,857 மீட்டர் உயரக் கூம்பு, அடியிலிருந்து உச்சி வரை அப்படியே கூம்பின் வடிவில் நிறம் மாறியது. மலை வீங்குகிறது என்று ஓடினேன். மேடம் சிரித்துவிட்டார். அடிவாரக் காற்றில் ஈரம் அதிகம், உச்சியில் குறைவு; இரண்டு நாள்களுக்கிடையே அது மாறினாலே இப்படி வளையம் வரும். அதுவும் ஷிஷால்டின் வெடிக்கும் முன் வீக்கம் காட்டாததற்குப் பெயர் பெற்றது. 1999 வெடிப்பின்போதும் செயற்கைக்கோளில் குறிப்பிடும்படி எதுவும் தெரியவில்லை. வளையம் மலையின் உயரத்தோடு ஒட்டிப் போனால் முதலில் காற்றைச் சந்தேகப்படுங்கள்.

ரேடார் எப்போது கைகொடுக்கும் என்பதற்கு எட்ஜ்கம்ப் நல்ல உதாரணம். சிட்கா ஊருக்கு எதிரே இருக்கும் மலை. அதில் கருவி இல்லை. மிக அருகிலிருந்த நிலநடுக்கமானி சிட்காவில், சுமார் 25 கி.மீ. தள்ளி. 2022 ஏப்ரலில் திடீரென்று குட்டி நடுக்கங்கள் கூட்டமாக வந்தன. பழைய சென்டினல் படங்களையெல்லாம் எடுத்துக் கணக்கிட்டபோது, 2018 ஆகஸ்டிலிருந்தே தரை ஆண்டுக்குச் சுமார் 8.7 செ.மீ. வீதம் உயர்ந்து வந்தது தெரிந்தது. நான்கு வருடமாகப் படம் இருந்திருக்கிறது; பார்க்கத்தான் யாரும் இல்லை. அதன் பிறகுதான் மலையில் கருவிகள் வைத்தார்கள். (1974 ஏப்ரல் முதல் தேதி சிட்காக்காரர் ஒருவர் ஹெலிகாப்டரில் பழைய டயர்களைக் கொண்டுபோய் அந்த எரிமலையின் வாய்ப் பள்ளத்தில் கொளுத்தி ஊரையே முட்டாளாக்கினார். வைவாவில் இதைச் சொன்னால் சிரிப்பார்கள், ஆனால் மதிப்பெண் வராது.)

கருவி இருந்தால் கவலை இல்லை என்றும் எழுதிவிடாதீர்கள். ஒக்மொக் எரிமலையில் நல்ல கருவி வலையமைப்பு இருந்தது. 2008 ஜூலை 12 அன்று முன்னறிகுறி நடுக்கங்கள் கிடைத்தது 5 மணி நேரத்துக்கும் குறைவாக. நிறம் பச்சையிலிருந்து நேராகச் சிவப்புக்குத் தாவியது.

மற்ற முறைகளில் எனக்கு நன்றாகப் பிடிபட்டது பொகொஸ்லாஃப். கடலுக்கு மேல் கொஞ்சம் தலைகாட்டும் எரிமலை, கருவி வைக்க இடமே கிடையாது. 2016 டிசம்பரிலிருந்து 2017 ஆகஸ்ட் வரை சுமார் 70 முறை வெடித்தது. பக்கத்துத் தீவுகளின் நிலநடுக்கமானி, மின்னல் பதிவு, செயற்கைக்கோள், காதுக்குக் கேட்காத தாழ்ஒலி எல்லாவற்றையும் சேர்த்துத்தான் பிடித்தார்கள். ஒலி ஒரு கி.மீ. கடக்க ஏறத்தாழ 3 விநாடி. டில்லிங்ஹாமில் உள்ள ஒலிக்கருவி 800 கி.மீ.க்கு மேல் தள்ளி என்றால் செய்தி வந்து சேர 40 நிமிடம். இந்த மாதிரிக் கணக்கைக் கரும்பலகையில் போட்டுக் காட்டச் சொல்வார்கள். சாம்பலா வெறும் மேகமா என்று அகச்சிவப்பில் பிரிக்கும் முறையும் கேட்பார்கள்: 11 மைக்ரான் அலைநீளத்தில் தெரியும் வெப்பநிலையிலிருந்து 12 மைக்ரானில் தெரிவதைக் கழித்தால் சாம்பலுக்குக் கழித்தல் எண் வரும், நீர் மேகத்துக்குக் கூட்டல். அதோடு நிறுத்தாமல், பொகொஸ்லாஃப் மாதிரி கடல் நீரோடு வெடிக்கும்போது சாம்பலைப் பனிக்கட்டி மூடிக்கொண்டு இந்தச் சோதனையை ஏமாற்றும் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள். எனக்குத் தப்பிப் பிழைக்க வழி கிடைத்தது அந்தப் பதிலில்தான்.

தேர்வாளர் கடைசியில் திருத்திக் கொடுக்க ஒரு வாரம் அவகாசம் தந்தார். நிலை ஒதுக்கப்படாத எரிமலைகளையெல்லாம் சாம்பல் நிறத்துக்கு மாற்றினேன். ரேடாரில் குளிர்காலப் படம் மட்டும் வைத்து ‘அசைவில்லை’ என்று எழுதியிருந்த ஆறு மலைகளின் வரிகளையும் அழித்து, ‘தரவு போதாது’ என்று போட்டேன். மறுபடி அச்சடிக்கப் போனபோது கடைக்கார அண்ணன் திரையைப் பார்த்துவிட்டுக் கேட்டார்:

“கலர் பிரிண்ட்தானே தம்பி சொன்னீங்க? பாதிக்குப் பாதி கறுப்பு வெள்ளையால்ல வருது?”

ஆமாண்ணே, அப்படியே போடுங்க என்றேன்.